நேர்மை பற்றி நூற்றிருபது படிவங்கள்

திரிஸ்னோ என் வீட்டுக்கு வந்தபோது அவனுக்குப் பதினெட்டு வயது. ஒரு கிதார், ஒரு சோற்றுக் குக்கர், சொந்த ஊரான சிலாச்சாப்பிலிருந்து அம்மா கட்டிக்கொடுத்த கருவாட்டுப் பொட்டலம், அவ்வளவுதான் சாமான். நாலு வருஷத்தில் படிப்பை முடித்துக்கொண்டு கிளம்பிவிடுவான் என்று அந்த அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள். அது ஏழு வருஷத்துக்கு முந்தைய பேச்சு. அவனோடு சேர்ந்த பெண்களில் ஒருத்தி மேற்படிப்பும் முடித்து அதே கல்லூரியில் விரிவுரையாளராகிவிட்டாள். அவள் எதிரே வந்தால் இவன் தலையைக் குனிந்து, "வணக்கம் இபு" என்று சொல்லிவிட்டுப் போகவேண்டும். எங்கள் ஊரில் அம்மாவும் மேடமும் இபுதான். அவளும் பெருந்தன்மையாகத் தலையை அசைப்பாள். முதல் வருஷம் இவன் தேர்வு எழுதியதே அவள் தாளைப் பார்த்துத்தான்.

பூர்வொக்கெர்தோவில் ஒரு கல்லூரிக்குப் பின்சந்தில் வீடு அமைந்துவிட்டால், அறை கட்டி வாடகைக்கு விடுவதைத் தவிர வேறு பிழைப்பு தேடவேண்டியதில்லை. என் வீட்டில் ஒன்பது அறைகள். பையன்கள் வருவார்கள், போவார்கள். திரிஸ்னோ வந்தான்.

மந்தம் என்று யாரும் அவனைச் சொல்லமுடியாது. மலையேறும் சங்கத்தில் இருந்தான். ஸ்லாமெட் மலை உச்சிக்கு முப்பத்தொரு தடவை ஏறியிருக்கிறான். கல்லூரி நூலகத்தின் இரண்டாம் மாடிக்கு ஒரே தடவை, அதுவும் கழிப்பறை தேடிக்கொண்டு. முக்கால்வாசி வகுப்புக்கு வந்திருந்தால்தான் தேர்வு எழுத விடுவார்கள் என்று ஒரு சட்டம் இருந்தது. வகுப்பில் ஒரு தாளைச் சுற்றுக்கு விடுவார்கள், வந்தவர்கள் கையெழுத்துப் போடவேண்டும். இவன் மலையில் இருக்கும் நாட்களில் நண்பர்கள் போட்டுவிடுவார்கள். ஒருமுறை இரண்டு நண்பர்கள் ஒருவருக்கொருவர் தெரியாமல் இவனுக்காகப் போட்டுவிட்டார்கள். போகாத வகுப்புக்கு இரண்டு தடவை போயிருந்தான். அதைப் பேராசிரியர் கண்டுபிடிக்கவில்லை. அன்றைக்கு அவரும் வரவில்லை. அவருக்காக உதவியாளர் கையெழுத்துப் போட்டிருந்தார்.

இப்படியாகப் பதினாலாவது செமஸ்டர் வந்தது. பதினாலுக்கு மேல் கிடையாது. ஜூலை முப்பத்தொன்றாம் தேதிக்குள் ஆய்வேட்டைக் கட்டிக் கொடுக்காவிட்டால் பெயரை நீக்கிவிடுவோம் என்று மே மாதம் கடிதம் வந்தது. என் சமையலறையில் நின்றுகொண்டுதான் அதைப் படித்தான்.

"நீக்கிட்டா என்ன ஆகும்?" என்று கேட்டேன்.

"ஒண்ணும் ஆகாது இபு. ஏழு வருஷமா நான் இங்க வரவே இல்லன்னு ஆகும்."

"அது பாதி உண்மைதானே, லெ" என்றேன். எங்கள் பக்கத்தில் மகனை 'லெ' என்றுதான் கூப்பிடுவோம்.

சிரித்தான். ஆனால் அன்று சோற்றை அளைந்துகொண்டே இருந்தான். ஊரில் அவன் அம்மா மீன் சந்தையில் எல்லோரிடமும் பையன் பட்டம் வாங்கப்போகிறான் என்று மூன்று வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறாள். சந்தைக்காரர்கள் இப்போது மரியாதைக்காகக்கூடக் கேட்பதில்லை.

ஆய்வுக்கு வழிகாட்டி பாக் திராஜத், அதாவது திராஜத் ஐயா. மலையேறுகிறவர்களைப் பற்றி எழுதலாமா என்று திரிஸ்னோ கேட்டதற்கு, அதெல்லாம் வேண்டாம் என்று அவரே ஒரு தலைப்பைக் கொடுத்தார்: மாணவர்களின் நேர்மைக்கும் மதிப்பெண்ணுக்கும் உள்ள தொடர்பு. அடுத்த வருஷம் துறைக்கு அங்கீகாரம் கொடுக்கும் குழு வருகிறது. நேர்மை என்ற சொல் அட்டையில் இருந்தால் குழுவுக்குப் பிடிக்குமாம். நூற்றிருபது மாணவர்களிடம் படிவம் நிரப்பி வாங்கவேண்டும். பெயர் எழுதவேண்டாம், செமஸ்டரும் மதிப்பெண்ணும் போதும். 'நான் தேர்வில் பார்த்து எழுதியதில்லை', 'பிறர் கட்டுரையை என் பெயரில் கொடுத்ததில்லை' என்று இருபது வாக்கியங்கள். ஒவ்வொன்றுக்கும் எதிரே ஐந்து கட்டங்கள்: மிகவும் உடன்படுகிறேன், உடன்படுகிறேன், சொல்லத் தெரியவில்லை, உடன்படவில்லை, சற்றும் உடன்படவில்லை. போனில் அனுப்பி நிரப்பச் சொல்லலாமே என்றதற்கு, "காகிதம்தான் ஆதாரம், மத்ததெல்லாம் காத்து" என்று சொல்லிவிட்டார்.

உண்மையைச் சொல்லவேண்டும். திரிஸ்னோ முதலில் ஒழுங்காகத்தான் ஆரம்பித்தான். மூன்று நாள் கல்லூரிக் கேண்டீன் வாசலில் படிவக் கட்டோடு நின்றான். மூன்று நாளில் பதினோரு பேர். அந்தப் பதினோரு படிவங்களையும் கொண்டுவந்து என் சாப்பாட்டு மேசையில் பரப்பினான்.

"பாருங்க இபு. பேர் எழுத வேணாம்னதும் கொட்டித் தீர்த்திருக்காங்க."

பார்த்தேன். 'பார்த்து எழுதியதில்லை' என்பதற்கு நேரே, சற்றும் உடன்படவில்லை. 'பிறர் கட்டுரையை' என்பதற்கும் சற்றும் உடன்படவில்லை. பேனா காகிதத்தைக் கிழிக்கிற அளவுக்கு அழுத்தி டிக் போட்டிருந்தார்கள். ஒருவன் ஓரத்தில் எழுதியிருந்தான்: 'இதைக் கேட்கிற அண்ணன் இன்னுமா இங்கே படிக்கிறார்?'

திங்கட்கிழமைக்குள் நூற்றிருபதும் வேண்டும் என்று பாக் திராஜத் செய்தி அனுப்பினார். ஞாயிறு மதியம் நல்ல மழை. ஆறாம் அறை ரொஃபிக் வந்து உட்கார்ந்தான். அவன் கணக்கில் கெட்டிக்காரன். சந்தில் பாதிப் பேருடைய ஆய்வேட்டுக்கு எண்களைச் சரிக்கட்டிக் கொடுத்தவன். அண்ணன் என்பதற்கு 'மாஸ்' போட்டுத்தான் திரிஸ்னோவிடம் பேசுவான்.

"மூணு நாளைக்குப் பதினொண்ணு. நூத்திருபதுக்கு எத்தன நாள் மாஸ்?"

"ஒரு மாசத்துக்கு மேல ஆகும்."

"கெடு?"

"நாளைக்கு."

"அப்ப பேனாவ எடுங்க."

மற்றதெல்லாம் எங்கள் சந்தில் புதிதாகக் கற்றுக்கொள்ளவேண்டிய வேலை இல்லை. வீட்டில் இருந்த எல்லாப் பேனாக்களும் வந்தன. நீலம் ஆறு, கறுப்பு நாலு, பச்சை ஒன்று. பச்சையை அளவாகப் பயன்படுத்தச் சொல்லி ரொஃபிக் உத்தரவு போட்டான். ஒருத்தர் பத்துப் படிவம் எழுதினால் பேனாவை மாற்றவேண்டும், இடது கையால் இரண்டு எழுதவேண்டும். நான் மெண்டோவான் பஜ்ஜி பொரித்துக்கொண்டிருந்தேன். ஒரு பையன் எண்ணெய்க் கையோடு படிவத்தைத் தொட்டுவிட்டு, "ஐயோ" என்றான்.

"நல்லதுடா, கேண்டீன்ல நிரப்பின மாதிரி இருக்கும். இன்னும் நாலுல தொடு" என்றான் ரொஃபிக்.

என்னிடமும் ஒரு கட்டு வந்தது. எனக்கு ஐம்பத்திரண்டு வயது, கல்லூரி வாசலுக்கு உள்ளே போனதில்லை. ஆனாலும் அன்று மதியம் நான் இருபத்துமூன்று மாணவர்களாக இருந்தேன். இருபத்துமூன்று பேரும் நேர்மையானவர்கள். ஆனால் அலட்டிக்கொள்ளாதவர்கள். 'மிகவும்' என்ற கட்டத்தில் டிக் போட எனக்குக் கை வரவில்லை. நான் மிகவும் யோக்கியம் என்று யாராவது தன் வாயால் சொல்லிக்கொள்வார்களா? எல்லாவற்றுக்கும் 'உடன்படுகிறேன்', நடுநடுவே அடக்கமாக ஒரு 'சொல்லத் தெரியவில்லை'. மற்ற பையன்களும் நல்ல வீட்டுப் பிள்ளைகள். அவர்களும் அப்படித்தான் போட்டார்கள். மழை விடுவதற்குள் நூற்று ஒன்பதும் முடிந்தன.

செவ்வாய்க்கிழமை பாக் திராஜத்தைப் பார்க்கப்போன திரிஸ்னோ ஒரு மாதிரி முகத்தோடு திரும்பினான்.

"என்னடா, கண்டுபிடிச்சிட்டாரா?"

"கண்டுபிடிச்சிட்டார் இபு. பதினொண்ணு போலின்னு கண்டுபிடிச்சிட்டார்."

எனக்குப் புரியவில்லை. அவன் அவர் பேசியதைப் பேசிக் காட்டினான். கட்டைப் புரட்டிக்கொண்டே வந்தவர், அந்தப் பதினொன்றையும் தனியாக உருவி மேசையில் போட்டாராம். "இது யாரோ ஒரு போக்கிரி உட்கார்ந்து விளையாடியிருக்கான். எதப் பாத்தாலும் 'சற்றும்', 'மிகவும்'. நம்ம பிள்ளைங்க இப்படி எழுதுமா? நம்ம ஊர்ல இன்னொரு வாய் சோறு போடட்டுமான்னு கேட்டாக்கூட யாரும் நேரா ஆமான்னு சொல்றதில்ல. இத எடுத்துடு. மிச்சத்தப் பாரு, நூத்தி ஒம்பது பேர்! என்ன பக்குவம், என்ன அடக்கம்! இதுதான் நம்ம மாணவர் சமுதாயம்."

"நீ என்ன சொன்னே?"

"'பாக், அந்தப் பதினொண்ணுதான்'னு ஆரம்பிச்சேன். 'பதினொண்ணுதான் என்ன?'ன்னார். ஒண்ணுமில்ல பாக்னுட்டேன்."

பதினொன்றும் நீங்கின. ரொஃபிக் கணக்குப் போட்டுக் கொடுத்தான். நேர்மை கூடினால் மதிப்பெண் கூடுகிறது என்று பளிச்சென்று வந்தது. பாக் திராஜத்துக்கு ஒரே சந்தோஷம். ஜூலை பதினொன்று வாய்மொழித் தேர்வு என்று தேதியும் குறித்துவிட்டார். ஏழு வருஷமாக நகராத வண்டி நாலே வாரத்தில் ஓடியது.

திரிஸ்னோவுக்குத்தான் சோறு இறங்கவில்லை. பதினொரு படிவங்களையும் தூக்கிப்போடாமல் கிதார் உறைக்குள் வைத்திருந்தான்.

"என்ன ஆச்சு உனக்கு? எல்லாம்தான் ஒழுங்கா நடக்குதே."

"ஹெல்மெட்டுப் பொண்ணு ஒண்ணு வந்திச்சு இபு. ஹெல்மெட்டக் கழட்டாமயே உட்காந்து அரை மணி நேரம் நிரப்பிச்சு. அதத் தூக்கிட்டு அந்த இடத்துல உங்களப் போட்டிருக்கேன்."

"என்னைப் போட்டா என்ன குறைச்சலாம்?" என்று கேட்டேன். எனக்கு உண்மையிலேயே சுருக்கென்றது. இருபத்துமூன்று தடவை கை வலிக்க டிக் போட்டவள் நான்.

தேர்வன்று இரவல் ஷூ, வெள்ளைச் சட்டை, கறுப்பு டை. கேள்வி கேட்கிறவர்களுக்குத் தின்பண்டப் பெட்டி கொண்டுபோவது வழக்கம். கேள்விகளின் கடுமை பெட்டியின் கனத்தைப் பொறுத்தது என்று பையன்கள் சொல்வார்கள். கோழி வைத்து இலையில் சுருட்டிய லெம்பர் சோறு, ரிசோல் என்கிற பொரித்த சுருள், ஒரு துண்டு கேக், தண்ணீர்க் கோப்பை எல்லாம் வைத்து நானே மூன்று பெட்டி கட்டி எடுத்துப்போனேன். கொடுத்துவிட்டு அறை வாசல் பெஞ்சில் உட்கார்ந்தேன். கதவு சரியாகச் சாத்தவில்லை.

முதலாமவர் பக்க ஓரம் எத்தனை சென்டிமீட்டர் என்று கேட்டு, தவறு கண்டுபிடித்துத் திருப்தியடைந்தார். அடுத்து இபு சுலாஸ்த்ரி. வெளிக் கல்லூரியிலிருந்து வந்தவர், தலை நரைத்தவர். லெம்பரின் இலையை நிதானமாக உரித்துக்கொண்டே கேட்டார்.

"எண்ணெல்லாம் அழகா இருக்கு. அத விடு. இத்தன பேரப் பாத்திருக்கியே, யாராவது ஞாபகம் இருக்காங்களா? ஒருத்தரப் பத்திச் சொல்லு."

கேண்டீன் வாசலில் அந்தப் பதினோரு பேரும் படிவம் நிரப்பிக்கொண்டே தன்னிடம் சொன்னதையெல்லாம் திரிஸ்னோ சொல்ல ஆரம்பித்தான். ஏழு வருஷத்தில் அவன் அப்படிப் பேசி நான் கேட்டதில்லை. ஹெல்மெட்டுப் பெண் கழிப்பறையில் போனைப் பார்த்து விடை எழுதியவள். மதிப்பெண் இறங்கினால் உதவித்தொகை நின்றுவிடும், தம்பி படிப்பு அதில்தான் நடக்கிறது. இன்னொரு பையன் கட்டுரையை விலைக்கு வாங்கினான். வாங்கிய கட்டுரைக்கு ஏ கிடைத்ததும், அவன் சொந்தமாக எழுதிய எதுவும் அதற்குப் பிறகு அவனுக்கே பிடிக்கவில்லையாம். மூன்றாவது ஒருத்தி பார்த்து எழுதியதே இல்லை. அதனாலேயே வகுப்பில் அவளோடு யாரும் பேசுவதில்லை. இப்படி ஒவ்வொருவராகச் சொல்லிக்கொண்டே போனான்.

"அருமை. இவங்க எந்தப் பக்கத்துல இருக்காங்க? எனக்கு ஒருத்தரும் தென்படலியே" என்றார் இபு சுலாஸ்த்ரி.

"இவங்கள எடுத்தாச்சு இபு."

"எடுத்தாச்சா? அப்ப இதுல இருக்கிற நூத்தி ஒம்பது பேர் யாரு?"

பாக் திராஜத் இருமினார். பலமாகவே இருமினார்.

"என் அறைக்காரப் பசங்க இபு. அப்புறம்... எங்க வீட்டுக்கார அம்மா."

"அவங்க எந்த செமஸ்டர்?"

"வாசல்ல உட்காந்திருக்காங்க. நீங்க சாப்பிடறது அவங்க செஞ்சதுதான்."

இபு சுலாஸ்த்ரி கையிலிருந்த லெம்பரைப் பார்த்தார். பிறகு கதவிடுக்கு வழியாக என்னைப் பார்த்தார். நான் எழுந்து குனிந்து வணக்கம் சொன்னேன். வேறு என்ன செய்ய?

அவனை வெளியே அனுப்பிவிட்டுக் கதவை இறுக்கிச் சாத்தினார்கள். அவன் என் பக்கத்தில் உட்கார்ந்து டையைத் தளர்த்தினான்.

"போச்சுடா லெ. வாய வச்சிக்கிட்டுச் சும்மா இருக்கக்கூடாதா?"

"கேட்டாங்க இபு. அவங்க ஞாபகம்தான் வந்திச்சு. உங்க டிக்குல யாரையாவது ஞாபகம் வச்சிக்க முடியுமா?"

இருபது நிமிஷம் கழித்து முடிவு வந்தது: தேர்ச்சி, திருத்தங்களுடன். எங்கள் ஊரில் எல்லோரும் திருத்தங்களுடன்தான் தேர்ச்சி பெறுவார்கள். அச்சடித்த தாளில் பாக் திராஜத் கைப்பட எழுதியிருந்தார். ஒன்று, இடப்பக்க ஓரம் நாலு சென்டிமீட்டராக்கவும். இரண்டு, அட்டவணை ஆறின் தலைப்பைத் தடித்த எழுத்தில் போடவும். மூன்று, படிவம் நிரப்பியோர் நூற்று ஒன்பது பேரையும் மாற்றவும். நான்கு, நன்றியுரையில் துறைத் தலைவரின் இரண்டாவது பட்டம் விடுபட்டுள்ளது.

"இவ்வளவுதானா பாக்?" என்று திரிஸ்னோ அவரிடமே கேட்டுவிட்டான்.

"வேற என்ன எழுதச் சொல்றே? மோசடின்னு எழுதினா, வழிகாட்டி யாருன்னு கேப்பாங்க. உன் பேர நீக்கினா, பாதியில போனவங்க கணக்கு ஏறும். அங்கீகாரக் குழுவுக்கு நான்தான் பதில் சொல்லணும். அந்த வெளிக் கல்லூரி அம்மா 'நிஜ ஆளுங்களக் கொண்டு வரட்டும், இல்லன்னா கையெழுத்துப் போடமாட்டேன்'ங்கறாங்க. இருபது நாள் இருக்கு. போ, மனுஷங்களத் தேடு."

மனுஷர்களைத் தேடுவதில் ஒரு சின்னச் சங்கடம் இருந்தது. ஜூலையில் கல்லூரி விடுமுறை. கேண்டீனில் பூனைகள்தான் இருந்தன. மாணவர் என்று இருந்தவர்கள் எல்லோரும் தோற்ற பாடத்தைத் திரும்ப எழுத வந்த விடுமுறை வகுப்புக்காரர்கள். திரிஸ்னோ அவர்களிடம் போனான். நகல் எடுக்கும் கடை, பேருந்து நிலையம், பந்து விளையாடும் திடல் எங்கும் போனான். ஒவ்வொருவரும் நிரப்பி முடிக்கும்வரை பக்கத்திலேயே நிற்காமல் பத்தடி தள்ளி நின்றான். பக்கத்தில் நின்றால் நல்ல பிள்ளையாகிவிடுகிறார்களாம். மூஞ்சி கறுத்துப்போய் வீட்டுக்கு வருவான். ஒரு நாள் ஆறு, ஒரு நாள் எட்டு, மழை நாளில் ஒன்றுமில்லை.

இருபத்தொன்பதாம் தேதி மாலை எண்ணிப் பார்த்தோம். கிதார் உறையில் இருந்த பதினொன்றும் சேர்த்துத் தொண்ணூற்றுமூன்று.

"குறைஞ்சது நூறு வேணும் மாஸ். கணக்குச் சூத்திரம் அப்படி. ஏழு குறையுது" என்றான் ரொஃபிக். சொல்லும்போதே பேனா மூடியைக் கழற்றிவிட்டான். நானும் என்னையறியாமல் ஒரு படிவத்தை இழுத்து முன்னால் வைத்துக்கொண்டேன். இந்தத் தடவை தைரியமாக இரண்டு 'மிகவும்' போடலாம் என்றுகூட நினைத்தேன்.

திரிஸ்னோ எழுந்து வந்து எங்கள் கையிலிருந்த பேனாக்களைப் பிடுங்கிக்கொண்டான்.

"ஏழே ஏழுடா. நாளன்னிக்குக் கெடு. உங்கம்மாவ நெனச்சுப் பாரு" என்றேன்.

"அந்த ஏழுல மூணு நீங்களா இருப்பீங்க இபு."

"இருந்துட்டுப் போறேன்! பேர நீக்கிட்டா நானா சந்தையில நின்னு பதில் சொல்லப்போறேன்?"

"நான் சொல்லிக்கிறேன். ரொஃபிக், தொண்ணூத்தி மூணுன்னே போடு."

"அப்படிப் போட்டா பிழை அளவு கூடும் மாஸ்."

"கூடட்டும். கூடுதுன்னு எழுது."

ரொஃபிக் வாழ்க்கையிலேயே முதல் தடவையாக, வந்த எண்ணை வந்தபடியே கணினியில் ஏற்றினான். முடிவு என்ன வரும் என்று அவனுக்கும் தெரியாமல் இருந்தது. அதனால் அவன் கொஞ்சம் பயந்துபோயிருந்தான். நேர்மைக்கும் மதிப்பெண்ணுக்கும் தொடர்பே இல்லை என்று வந்தது. உற்றுப் பார்த்தால், பார்த்து எழுதியவர்கள் ஒரு மயிரிழை மேலே இருந்தார்கள்.

முப்பதாம் தேதி பாக் திராஜத் அதைப் படித்துவிட்டுத் தலையில் கை வைத்துக்கொண்டாராம். "தொண்ணூத்தி மூணா? யாராவது தொண்ணூத்தி மூணுன்னு எழுதுவாங்களா? முழுசா ஒரு எண் கிடைக்கலியா?"

"வந்தது அவ்வளவுதான் பாக்."

'தொடர்பு இல்லை' என்பதை அடித்துவிட்டு, 'மேலும் ஆய்வு தேவை' என்று போடச் சொன்னார். இவன் இரண்டையும் போட்டுக்கொள்கிறேன் என்றான். கிடைத்தது சி. சி என்றால் தேறியவர்களில் கடைசி வரிசை. இபு சுலாஸ்த்ரி கையெழுத்துப் போட்டார். ஓரத்தில் ஒன்றும் எழுதவில்லை.

ஆய்வேட்டுக்கு அட்டை கட்டுகிற கடையில் அன்று இரவு முழுக்க வேலை. முப்பத்தொன்றாம் தேதி காலை, முதல் பக்கத்தில் வைக்கும் உறுதிமொழித் தாளில் அரசு முத்திரைத்தலை ஒட்டிக் கையெழுத்துப் போடவேண்டும். பாதிக் கையெழுத்து முத்திரை மேல், பாதி காகிதத்தில். 'இது முழுக்க என் சொந்த உழைப்பு, பொய்யென்று தெரிந்தால் பட்டத்தைத் திரும்பக் கொடுக்கச் சம்மதிக்கிறேன்.' திரிஸ்னோ அதை உட்கார்ந்து இரண்டு தடவை வாசித்தான்.

"அதெல்லாம் யாரு மாஸ் படிப்பாங்க? நான் என்னோடதப் படிக்கவே இல்ல" என்றான் ரொஃபிக்.

"தெரியும். அதனாலதான் உன்கிட்ட கொடுக்காம நானே படிக்கிறேன்."

அலுவலகம் மூன்றரைக்கு மூடும். மூன்று மணிக்குப் போய் வரிசையில் நின்றான். நாலரைக்கு வீட்டுக்கு வந்தான், வேர்த்து வழிந்துகொண்டு. சமையலறை ஸ்டூலில் உட்கார்ந்தான். நான் அடுப்பை அணைத்தேன்.

"வாங்கிக்கிட்டாங்களா?"

"வாங்கிக்கிட்டாங்க இபு."

மூச்சு விட்டேன். கண்ணில் தண்ணீர் வந்தது, வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்ததால் அதற்குப் பெரிய விசாரணை நடக்கவில்லை.

"என்ன கேட்டாங்க?"

"கவுன்டர்ல இருந்தவர் அட்டை நிறத்தப் பாத்தார். தங்க எழுத்து சரியா இருக்கான்னு விரல் வச்சுத் தடவினார். அஞ்சு பிரதி எண்ணினார். முத்திரைத்தலை ஒட்டியிருக்கான்னு பாத்தார். டிக் போட்டார். 'அடுத்தவங்க'ன்னார்."

"உள்ள ஒரு பக்கமாவது திறந்து பாத்தாரா?"

"இல்ல இபு. 'ஒரு தடவ பாக்கறீங்களா?'ன்னு நானே கேட்டேன். 'எதுக்கு? எல்லாம் ஒண்ணுதானே'ன்னுட்டார்."

எனக்குப் பொறுக்கவில்லை. "அப்ப அந்த நூத்தி ஒம்பதையே வச்சிருக்கலாமேடா! இருபது நாளு வெயில்ல அலைஞ்சிருக்கவேணாமே! பி-யாவது கிடைச்சிருக்கும்!"

"கிடைச்சிருக்கும்" என்றான் திரிஸ்னோ. ஷூவைக் கழற்றினான். இரவல் ஷூ, குதிகால் இரண்டும் உரிந்திருந்தன. "ஏ-யே கிடைச்சிருக்கும் இபு. நீங்க அவ்வளவு நல்லா எழுதியிருந்தீங்க."

பிறகு போனை எடுத்துக்கொண்டு, அம்மாவிடம் பேச வெளியே போனான்.